ஈரானில் இசையமைப்பாளர் நடிக்க வரும்போது

2014இல் ஈரான் அரசுத் தொலைக்காட்சியில் பாலெட் என்ற இசைக்குழு ஒரு பாட்டைக் கொடுத்தது. பாட்டு ஓடுகிறது, கருவிகளின் சத்தம் தெளிவாகக் கேட்கிறது, ஆனால் மேடையில் நிற்பவர்கள் கையில் ஒன்றுமே இல்லை. செல்லோ வாசிப்பவர் இல்லாத செல்லோவை முழங்காலுக்கு நடுவே பிடித்துக்கொண்டு இல்லாத வில்லை இழுக்கிறார். பக்கத்தில் ஒருவர் வெறும் காற்றில் விரல்களை ஏற்றி இறக்கிக் கிளாரினெட் வாசிக்கிறார். இசைக் கலைஞர்கள் எல்லோரும் ஒரு பாட்டு நேரத்துக்கு நடிகர்கள் ஆகிவிட்டார்கள்.

ஏன் அப்படி? ஈரானில் 1979 புரட்சிக்குப் பிறகு அரசுத் தொலைக்காட்சியில் இசையைக் கேட்கலாம், வாத்தியத்தைப் பார்க்க முடியாது என்பதுதான் நடைமுறை. பாடகரின் முகம் வரும், வாத்தியம் தனியாக ஒலிக்கும் இடம் வந்தால் கேமரா மெல்ல நகர்ந்து பூங்கொத்துக்கோ மலைக்கோ அருவிக்கோ போய்விடும். பத்தாண்டுக் கணக்கில் இதையே பார்த்து வளர்ந்த ஒரு பிள்ளைக்கு, குச்சிகளால் தட்டி வாசிக்கும் கம்பி வாத்தியமான சந்தூர் என்ன உருவம், அதன் குச்சிகளை எப்படிப் பிடிப்பார்கள் என்பதெல்லாம் டிவி வழியாகத் தெரியவே வாய்ப்பில்லை. இந்தத் தடைக்கு எதிர்ப்பாகத்தான் பாலெட் குழு வெறுங்கையோடு வாசித்தது. கத்தவில்லை, கோஷம் போடவில்லை, இல்லாததை இல்லாததாகவே காட்டினார்கள். எனக்கு இது ரொம்பப் பிடித்த எதிர்ப்பு.

இந்த ஒரு காட்சியை மனதில் வைத்துக்கொண்டால், ஈரானில் ஓர் இசையமைப்பாளர் நடிக்க வருவது ஏன் தனி விஷயம் என்பது சுலபமாகப் புரியும். இசையமைப்பாளர் நடிகராவது எந்த நாட்டிலும் நடப்பதுதான். ஆனால் ஈரானில் அதற்குக் கூடுதலாக ஓர் அர்த்தம் உண்டு. கேட்க மட்டும் கிடைத்த ஒருவர் பார்க்கவும் கிடைக்கிறார். அப்படி வந்த அஷ்கான் கூஷாநெஜாத் என்பவரைப் பற்றித்தான் இங்கே சொல்லப் போகிறேன்.

முதலில் ஒரு சொல். பாரசீகத்தில் இசையமைப்பாளருக்கு ஆஹங்சாஸ் என்று பெயர். ஆஹங் என்றால் மெட்டு, சாஸ் என்றால் செய்பவர். சாஸ் என்று தனியாகச் சொன்னால் வாத்தியம் என்றும் பொருள் வரும். மெட்டுக்கட்டுபவரும் வாத்தியமும் ஒரே சொல்லில் உட்கார்ந்திருப்பது எனக்கு அழகாகத் தெரிகிறது.

சரி, வழக்கமான ஆஹங்சாஸின் பாதை எப்படி இருக்கும்? பெரும்பாலும் இரண்டு வழிகளில் ஒன்றில் வருவார்கள். ஒன்று மரபு இசை. அங்கே 7 தஸ்த்கா, அவற்றிலிருந்து கிளைத்த 5 ஆவாஸ் என்று ஓர் அமைப்பு உண்டு. நமக்குப் பழக்கமான ராகம் என்ற எண்ணத்துக்குக் கிட்டத்தட்ட வருவது இது, அப்படியே அதுவல்ல. குருவிடம் உட்கார்ந்து நூற்றுக்கணக்கான சிறு இசைத் துணுக்குகளை மனப்பாடம் செய்து, அப்புறம் அதிலிருந்து அந்தந்த நேரத்துக்குத் தோன்றியபடி விரித்து வாசிக்க வேண்டும். அந்தத் துணுக்குத் தொகுப்புக்கு ரதீஃப் என்று பெயர். தார், செதார் என்ற தந்தி வாத்தியங்களில் மேதையான ஹுசைன் அலிஸாதே இந்த வழியில் வந்தவர். பஹ்மான் கொபாதி, மஜீத் மஜீதி போன்ற இயக்குநர்களின் படங்களுக்கு இசையமைத்தார். இன்னொரு வழி மேற்கத்திய இசைப் படிப்பு. மஜீத் எந்தெஸாமி ஓபோ என்ற மேற்கத்திய ஊதுகருவி வாசிப்பவர், 1990களில் இயக்குநர் இப்ராஹிம் ஹாதமிகியாவின் போர்ப் பின்னணிப் படங்களுக்கு இசை அவர்தான். அவருடைய அப்பா எஸ்ஸதொல்லா எந்தெஸாமி, ஈரான் சினிமாவின் புதிய அலையைத் தொடங்கிவைத்த படங்களில் ஒன்றான 1969இன் 'பசு'வில், தன் மாடு இறந்துபோனதைத் தாங்க முடியாமல் தானே மாடாகிவிடும் கிராமத்தானாக நடித்தவர். ஒரே வீட்டில் அப்பா நடிகர், பிள்ளை இசையமைப்பாளர். இருந்தாலும் பிள்ளையின் பெயர் நின்றது இசையில்தான், வேலை தனித்தனியாகவே இருந்தது.

இந்த இடத்தில் தமிழ் வாசகர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய ஒரு சங்கதி. முதல் பாரசீகப் பேசும் படம் 'லோர் பெண்' 1933இல் வெளிவந்தது, எடுத்தது ஈரானில் இல்லை, பம்பாயில். தயாரித்தவர் அர்தேஷிர் இரானி, இம்பீரியல் கம்பெனி. 1931இல் முதல் தமிழ்ப் பேசும் படம் 'காளிதாஸ்' வந்ததும் அதே கம்பெனியிலிருந்துதான். தமிழும் பாரசீகமும் திரையில் பேசத் தொடங்கியது ஒரே வாசலில். அந்தப் பாரசீகப் படத்தை எழுதிய அப்துல் ஹுசைன் செபந்தாவே அதில் கதாநாயகனாகவும் நடித்தார். ஒருவரே பல வேலை செய்வது ஈரான் சினிமாவுக்குப் பிறவியிலேயே வந்த பழக்கம். 1950களில் பாடகர் விகென் நடிக்க வந்ததும், அதற்குப் பின்னால் கூகூஷ் என்ற பெண் பாட்டிலும் நடிப்பிலும் ஒரே நேரத்தில் உச்சிக்குப் போனதும் அந்த வரிசைதான். புரட்சி வந்த பிறகு இந்த வரிசை அறுந்தது. பெண்கள் ஆண்களும் இருக்கும் சபையில் தனியாகப் பாட முடியாது என்றாகிவிட்டது.

அதற்குப் பிறகு நடந்ததைக் கவனித்தால்தான் விஷயம் பிடிபடும். இசைக் கலைஞர்களைப் பற்றிய படங்கள் ஈரானில் வந்தன, நல்ல படங்களாகவே வந்தன, சினிமாவில் வாத்தியத்தைக் காட்டவும் முடிந்தது. ஆனால் உடல் ஒருவருடையது, ஒலி வேறொருவருடையது. 1992இல் அலி ஹாதமி எடுத்த 'தெல்ஷொதெகான்' படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் கிராமபோன் தட்டில் பதிவு செய்யப் பாரிசுக்குப் போகும் ஓர் இசைக்குழுவின் கதை. திரையில் பாடகராக வருபவர் நடிகர் அமீன் தாரோக். குரல் மொஹம்மத் ரெஸா ஷஜாரியானுடையது. இசை அலிஸாதே. அதாவது நாட்டின் மிகப் பெரிய பாடகரும் மிகப் பெரிய ஆஹங்சாஸும் படத்தில் முழுக்க இருக்கிறார்கள், ஆனால் கண்ணுக்குத் தெரிவதில்லை. 2007இல் தார்யூஷ் மெஹ்ர்ஜூயி எடுத்த 'சந்தூரி'யிலும் இதேதான். போதைக்கு அடிமையாகும் சந்தூர்க் கலைஞனாக பஹ்ராம் ராதான் நடிக்கிறார், சந்தூர் ஒலி அர்தவான் காம்காருடையது, குரல் மொஹ்சென் சவோஷியுடையது. அந்தப் படத்தைத் தியேட்டரில் ஓடவிடவில்லை, திருட்டு டிவிடியாக நாடு முழுக்கப் பரவியது.

இதற்கு எதிர்முனையில் இசையே வேண்டாம் என்ற படங்கள். 'ஒரு பிரிவு' என்று 2011இல் அஸ்கர் ஃபர்ஹாதி எடுத்த படத்துக்கு சத்தார் ஓரகி இசை. நீங்கள் படம் முழுக்கத் தேடினாலும் பின்னணி இசை அகப்படாது. கதை முடிந்து, அந்தத் தம்பதி நீதிமன்றத் தாழ்வாரத்தில் கண்ணாடிக் கதவுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகக் காத்திருக்கும்போது, பெயர்கள் ஓடத் தொடங்கும்போதுதான் பியானோ வருகிறது. இரண்டு மணிநேரம் காத்திருந்து வந்த இசை அது. கண்ணீரை வரவழைக்க இசை வைக்கக் கூடாது என்ற பிடிவாதம் அந்தச் சினிமாவில் பலருக்கு உண்டு. அப்பாஸ் கியாரோஸ்தமி 1990இல் எடுத்த 'க்ளோஸ் அப்' படத்துக்கு, 1974இல் தான் எடுத்த வேறொரு படத்துக்காக கம்பீஸ் ரோஷன்ரவான் போட்ட இசையையே எடுத்துக் கொஞ்சமாக வைத்துக்கொண்டார்.

'க்ளோஸ் அப்' இன்னொரு காரணத்துக்காகவும் இங்கே முக்கியம். ஓர் ஏழை மனிதர் தன்னை ஒரு பிரபல இயக்குநர் என்று சொல்லி ஒரு குடும்பத்தை நம்பவைத்து மாட்டிக்கொள்கிறார். உண்மையில் நடந்த வழக்கு. படத்தில் அந்த மனிதராக நடித்தவர் அதே மனிதர். ஏமாந்த குடும்பமாக நடித்தது அதே குடும்பம். தன்னைத் தானே நடிப்பது என்ற இந்த முறை ஈரான் சினிமாவில் ஆழமாக வேரூன்றியது. நடிப்புப் பயிற்சி இல்லாத ஓர் ஆஹங்சாஸ் கேமரா முன்னால் வந்து நிற்க முடிந்ததற்கு இந்த மரபுதான் படிக்கட்டு.

இனி, மொஜவ்வெஸ். அனுமதிச் சீட்டு என்று அர்த்தம். ஈரானில் பண்பாட்டு, இஸ்லாமிய வழிகாட்டல் அமைச்சகம் ஒன்று இருக்கிறது, மக்கள் சுருக்கமாக எர்ஷாத் என்பார்கள். பாட்டு வரிக்கு அனுமதி, இசைக்கு அனுமதி, ஆல்பத்துக்கு அனுமதி, கச்சேரிக்கு அனுமதி என்று ஒவ்வொரு படியிலும் அங்கே போய் நிற்க வேண்டும். சினிமாவுக்கும் அப்படியே, எடுக்க ஒன்று, திரையிட இன்னொன்று. 1997இல் கத்தாமி அதிபரான பிறகு கொஞ்சம் தளர்ந்தது, பல பாப் குழுக்கள் வெளிச்சத்துக்கு வந்தன. அடுத்து அகமதிநெஜாத் அதிபராக வந்தபின், 2005 டிசம்பரில் அரசு வானொலியிலும் தொலைக்காட்சியிலும் மேற்கத்திய இசைக்கே தடை.

அனுமதி கிடைக்காதவர்கள் என்ன செய்வார்கள்? கீழே போவார்கள். உருவகமாகச் சொல்லவில்லை. ஜீர்ஸமீன் என்றால் பாரசீகத்தில் நிலத்துக்குக் கீழ், அதாவது வீட்டின் அடித்தளம். அனுமதியில்லாத இசைக்கு ஜீர்ஸமீனி இசை என்று பெயர். அடித்தள அறையில் சுவரெல்லாம் சத்தம் வெளியே போகாதபடி அடைத்துவிட்டு, பக்கத்து வீட்டுக்காரர் வெளியே போகும் நேரம் பார்த்து டிரம்ஸ் வாசிப்பார்கள். எந்த நேரத்திலும் யாராவது போலீசுக்குப் போன் செய்யலாம்.

இந்தக் கீழ்த்தளத்திலிருந்து வந்தவர்தான் நான் சொல்ல வந்த ஆள், அஷ்கான் கூஷாநெஜாத். 1985இல் டெஹ்ரானில் பிறந்தவர், அங்குள்ள இசைப் பள்ளியில் மேற்கத்திய இசை படித்தவர். நெகார் ஷகாகி என்ற பெண்ணோடு சேர்ந்து 'டேக் இட் ஈஸி ஹாஸ்பிடல்' என்று ஒரு குழு வைத்திருந்தார். கிட்டாரும் கீபோர்டும், பாட்டு ஆங்கிலத்தில், மெல்லிய துள்ளலான ராக் இசை. கேட்டால் இதில் என்ன ஆபத்து இருக்கிறது என்றுதான் தோன்றும். ஆனால் அனுமதியில்லாமல் கச்சேரி செய்ததற்காகக் கைதாகி உள்ளே இருந்துவிட்டு வந்தவர் அவர்.

குர்திய இயக்குநர் பஹ்மான் கொபாதி அந்த நேரத்தில் தன் படத்துக்கு அனுமதி கிடைக்காமல் நின்றுகொண்டிருந்தார். அதற்கு முன் 2006இல் அவர் எடுத்த 'அரை நிலா' குர்திய இசைக்குழு ஒன்றின் பயணக் கதை, அதையும் ஈரானில் திரையிட விடவில்லை. அவர் அஷ்கானையும் நெகாரையும் சந்தித்து, அவர்களை அவர்களாகவே வைத்து ஒரு படம் எடுத்தார். அனுமதி வாங்காமல், சின்ன டிஜிட்டல் கேமராவோடு, சுமார் 17 நாளில். 2009இல் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டுச் சிறப்பு நடுவர் பரிசு வாங்கியது. 'பாரசீகப் பூனைகளைப் பற்றி யாருக்கும் தெரியாது' என்று தலைப்பு.

கதை இவ்வளவுதான். சிறையிலிருந்து வந்த அஷ்கானும் நெகாரும் லண்டனில் ஒரு கச்சேரிக்குப் போக வேண்டும், அதற்கு வாசிக்க ஆட்கள் வேண்டும், பாஸ்போர்ட் விசா வேண்டும். நாதெர் என்ற திருட்டு டிவிடி வியாபாரி, எல்லாம் நான் பார்த்துக்கொள்கிறேன் என்று மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு ஊரெல்லாம் சுற்றுகிறான். ஒவ்வொரு இடத்திலும் ஒரு குழு, நிஜமான குழு. ஒரு ஹெவி மெட்டல் குழு ஊருக்கு வெளியே மாட்டுத் தொழுவத்தில் பயிற்சி செய்கிறது. முரட்டு கிட்டார் சத்தத்துக்கு நடுவே பசுக்கள் தலையைத் திருப்பிப் பார்க்கின்றன. ஹிச்கஸ் என்ற ராப் பாடகர் வருகிறார், அந்தப் பெயருக்கே 'யாருமில்லை' என்றுதான் பொருள். இவர்கள் நாட்டை விட்டுப் போகக் கிளம்பும்போது, தன் பாட்டுக்கு வேலை இந்த ஊரில்தான் என்று அவர் இங்கேயே நிற்கிறார்.

எனக்கு மறக்க முடியாத இடம் ஒன்று உண்டு. நாதெரைப் பிடித்துவிடுகிறார்கள், சாராயமும் டிவிடியும் வைத்திருந்த குற்றம், சவுக்கடியும் அபராதமும் என்று அதிகாரி சொல்கிறார். நாதெராக நடிப்பவர் ஹாமெத் பெஹ்தாத், பயிற்சி பெற்ற, பெயர்பெற்ற நடிகர். மூச்சு விடாமல் பேசுகிறார், அழுகிறார், கெஞ்சுகிறார், இல்லாத உறவையெல்லாம் இழுக்கிறார், பேசிப் பேசியே தண்டனையைக் குறைக்கிறார். இதை நாம் முழுசாகப் பார்ப்பதில்லை, கதவிடுக்கு வழியாகத்தான் பார்க்கிறோம். அபாரமான நடிப்பு. அதே படத்தில் அஷ்கான் எப்படி இருக்கிறார் என்று பாருங்கள். குரல் உயர்வதில்லை. முகத்தில் பெரிய மாற்றம் கிடையாது. தோளைக் கொஞ்சம் குறுக்கிக்கொண்டு, அடுத்தவர் பேசுவதைக் கேட்டுக்கொண்டே இருக்கிறார். இவருக்கு நடிக்கத் தெரியவில்லை என்று முதல் தடவை பார்த்தபோது நினைத்தேன். இரண்டாவது தடவைதான் புரிந்தது, அவர் செய்துகொண்டிருப்பது கேட்பது. ஒவ்வொரு அறைக்குள் போகும்போதும் அங்கே வாசிப்பவர்களை ஓர் இசைக் கலைஞர் எப்படிக் கேட்பாரோ அப்படிக் கேட்கிறார். பெஹ்தாத் போன்ற நடிகரால் வேறெதையும் செய்ய முடியும், இதைச் செய்துகாட்டுவது கஷ்டம்.

அப்புறம் அவர்களே வாசிக்கும் இடங்கள். திரையில் தெரியும் விரல்தான் நாம் கேட்கும் ஒலியை எழுப்பியது. 'தெல்ஷொதெகா'னிலும் 'சந்தூரி'யிலும் பிரிந்து கிடந்த உடலும் ஒலியும் இங்கே ஒன்றாகச் சேர்ந்துவிட்டன. கதைக்குள்ளேயே யாரோ வாசித்து எழும் இசை ஒரு வகை, கதாபாத்திரங்களுக்குக் கேட்காமல் நமக்கு மட்டும் கேட்கும் பின்னணி இசை இன்னொரு வகை. பொதுவாக இசையமைப்பாளரின் பிழைப்பு இரண்டாவது வகையில்தான் ஓடும். இந்தப் படம் கிட்டத்தட்ட முழுக்க முதல் வகையில் நிற்கிறது. இசை கதைக்குள் வந்துவிட்டதால் இசையமைப்பாளரும் கதைக்குள் வர வேண்டியதாயிற்று. அவர் நடிகரானது புகழுக்காகவோ கூடுதல் வருமானத்துக்காகவோ இல்லை.

ஆனால் அதற்கு விலை இருந்தது. அனுமதியில்லாத படத்தில் சொந்த முகத்தோடு, சொந்தப் பெயரோடு வந்தவர்கள் அங்கே தொடர்ந்து இருக்க முடியாது. படப்பிடிப்பு முடிந்த கையோடு அஷ்கானும் நெகாரும் நாட்டை விட்டுப் போனார்கள், பிரிட்டனில் தஞ்சம் கேட்டார்கள். கொபாதியும் வெளியேறினார். முகத்தைக் காட்டாமல் பின்னணியில் இசை மட்டும் போட்டிருந்தால் ஒருவேளை ஊரிலேயே இருந்திருக்கலாம். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனசு கனத்துப்போகிறது, ஏனென்றால் படத்தில் அஷ்கான் பேசும் டெஹ்ரான் பாரசீகம், அந்த மொட்டை மாடிகள், அந்தப் போக்குவரத்து நெரிசல் எல்லாம் அவர் விட்டுப்போன ஊரின் பதிவும்கூட.

லண்டன் போன பிறகு அவருடைய இசை அடியோடு மாறிவிட்டது. ஆஷ் கூஷா என்று பெயரைச் சுருக்கிக்கொண்டு தனியாகக் கணினியில் வேலை செய்யத் தொடங்கினார். 2015இல் 'கூட்', 2016இல் 'ஐ ஏகேஏ ஐ' என்று ஆல்பங்கள். இதில் துள்ளல் ராக் எதுவும் இல்லை. ஒரு ஒலியை எடுத்துப் பொடிப்பொடியாக நறுக்கி, நுண்ணோக்கியில் பார்ப்பதுபோல உள்ளே போய், அந்தத் துகள்களை மறுபடி அடுக்குகிறார். ஒலியைத் தான் உருவங்களாகப் பார்ப்பதாகப் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். முதலில் கேட்பவர்களுக்கு உடைந்த கண்ணாடிமேல் நடப்பது மாதிரி இருக்கும். ஒரு பாட்டை மட்டும் ஹெட்போனில் மூன்று தடவை கேளுங்கள், மூன்றாவது தடவையில் ஏதோ ஒரு மெட்டு தலை காட்டும்.

2018இல் அவர் யோனா என்ற பாடகியைக் கொண்டுவந்தார். யோனா ஆளில்லை, மென்பொருள். வரிகளையும் மெட்டையும் குரலையும் கணினி உருவாக்கும், திரையில் கணினியால் செய்த ஒரு பெண் உருவம் பாடும். பெண் தனியாகப் பாட முடியாத ஊரிலிருந்து வந்தவர், யாராலும் கைதுசெய்ய முடியாத ஒரு பாடகியைச் செய்திருக்கிறார் என்று எனக்குத் தோன்றியது. இது என் வாசிப்புத்தான்.

புதிதாகத் தொடங்குபவர்களுக்கு நான் சொல்லும் வரிசை கொஞ்சம் தலைகீழாக இருக்கும். ஏ.ஆர். ரஹ்மான் 2015இல் மஜீத் மஜீதியின் 'முஹம்மத்' படத்துக்கு இசையமைத்தார், அதன் பாட்டுகளை ஏற்கெனவே கேட்டிருப்பீர்கள், அங்கிருந்து அதே மஜீதியின் 'சிட்டுக்குருவிகளின் பாடல்' படத்துக்கு அலிஸாதே போட்ட இசைக்குப் போங்கள். அப்புறம் 'ஒரு பிரிவு' பார்த்து, இசை எங்கே வருகிறது என்று காத்திருங்கள். கடைசியாகப் பூனைகள் படம். அதில் தொடக்கத்திலேயே ஒலிப்பதிவு அறை ஒன்று வரும், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒருவர் மைக் முன்னால் நின்று பாடிக்கொண்டிருப்பார். கவனித்துப் பாருங்கள், அவர் பாடகர் இல்லை. படம் எடுக்க அனுமதி கிடைக்காததால் பாட வந்த இயக்குநர், கொபாதியே.